நாய்க்கடி ஃபாலோ-அப் சார்ட்: ஏழாவது எழுத்து ஏ-வா டி-யா? தையல் பிரிப்புக்கு இசட்48.02 ஏன் கூடாது?

கோவை_கோடர்:

சீனியர்ஸ், ஒரு மெடிக்கல் கோடிங் சந்தேகம். டாக்டர் நோட்டைப் படித்து, இன்சூரன்ஸ் கிளெய்முக்கு நோய்க் கோடும் (ஐசிடி-10-சிஎம்: எஸ், இசட் போன்ற எழுத்தில் தொடங்குவது) செய்த வேலைக்கான ஐந்து இலக்கக் கோடும் போடுகிறேன். அமெரிக்க ஃபேமிலி பிராக்டிஸ் கிளினிக் சார்ட். ஒரே பேஷன்ட், நாலு விசிட். நாலுமே ஆடிட்டில் எரர் ஆகித் திரும்பி வந்திருக்கிறது. காரணம் என்ற இடத்தில் ‘கைட்லைன் (ஐசிடி-10-சிஎம் கோடிங் விதிகள்) பார்க்கவும்’ என்று ஒரே வரி. பார்த்துவிட்டேன், இன்னும் குழம்பிப்போனேன்.

34 வயது ஆண். யாருடைய நாய் என்று தெரியாது, பிடிபடவும் இல்லை. மார்ச் 3 அன்று ஆஸ்பத்திரி ஈடி-யில் (அவசர சிகிச்சைப் பிரிவு; எங்கள் கிளினிக்குக்கும் அந்த குரூப்புக்கும் சம்பந்தம் இல்லை) முன்கையில் 4 செ.மீ. கிழிசலுக்கு ஒற்றை அடுக்குத் தையல் போட்டிருக்கிறார்கள். வலது புறங்கையில் இரண்டு பல் துளை. அதைக் கழுவித் திறந்தே விட்டிருக்கிறார்கள். டெட்டனஸ் ஊசி, ரேபிஸ் இம்யூன் குளோபுலின் (தயார் நிலை எதிர்ப்பொருள் ஊசி), ரேபிஸ் தடுப்பூசி முதல் டோஸ் எல்லாம் அங்கேயே முடிந்தது. அந்தக் கிளெய்ம் நம் வேலை இல்லை.

நம்மிடம் வந்தவை:

மார்ச் 6: டாக்டர் இரண்டு காயத்தையும் பார்த்தார். சுத்தமாக இருக்கிறது, டிரெஸ்ஸிங் மாற்றம், தடுப்பூசி இரண்டாவது டோஸ். நான் போட்டது இசட்23 (தடுப்பூசிக்கான விசிட்) மட்டும்; 99213 (டாக்டர் விசிட்), 90675 (ரேபிஸ் தடுப்பூசி மருந்து), 90471 (அதைப் போடும் கூலி).

மார்ச் 8: புறங்கை வீக்கம், சுற்றிலும் 5 செ.மீ. சிவப்பு, துளையில் சீழ் கசிவு. டாக்டர் துளையைக் கொஞ்சம் விரித்து, சலைனால் கழுவி, காஸ் துணி வைத்து, ஆன்டிபயாட்டிக் எழுதினார். ‘வலது கை செல்லுலைட்டிஸ், நாய்க்கடிக் காயத்தால்’ என்று அசெஸ்மென்ட். முன்கைத் தையல் நன்றாக இருக்கிறது என்றும் எழுதியிருக்கிறார். நான் போட்டது எல்03.113 (வலது கை செல்லுலைட்டிஸ், அதாவது தோல் தொற்று), எஸ்61.451டி (வலது கைக் கடிக்காயம்), 99213, 10060 (சீழ்க்கட்டியைக் கீறுதல்).

மார்ச் 10: நர்ஸ் மட்டும். மூன்றாவது டோஸ். இசட்23, 99211 (நர்ஸ் அளவிலான விசிட்), 90675, 90471.

மார்ச் 14: தையல் பிரிப்பு. சார்ட் வரியை அப்படியே தமிழில் தருகிறேன் (ஹெச்பிஐ என்பது பேஷன்ட்டின் நோய் வரலாறு): ‘ஹெச்பிஐ: நாய்க்கடி, வலது முன்கை, 11 நாள். எக்ஸாம்: இடது முன்கைத் தையல் கோடு சேர்ந்து ஆறியிருக்கிறது. 6 தையல் பிரிக்கப்பட்டது. புறங்கை முழுதும் ஆறிவிட்டது, மாத்திரை முடிந்தது.’ நான் போட்டது இசட்48.02 (தையல் பிரிப்பு), எஸ்51.851டி (முன்கைக் கடிக்காயம்), எல்03.113, 99024 (ஆபரேஷனுக்குப் பிந்தைய ஃபாலோ-அப் விசிட்).

எங்கெங்கே தப்பு?

---

பழைய_ஆடிட்டர்:

முதலில் ஒன்று. நான் கோடின் கடைசியில் டி என்று எழுதுவதெல்லாம் ஏ பி சி டி-யில் வரும் டி. பாம்பு, தேள் மாதிரி விஷ ஜந்துக்களுக்கான டி63 வகை வேறு டி. அது இந்த இழைக்கே வேண்டாம்.

ஏழாவது எழுத்தில் எல்லோரும் விழும் குழி, ஏ-வின் பெயர். ‘இனிஷியல் என்கவுன்ட்டர்’ என்று படித்ததும் முதல் விசிட் என்று நினைத்துவிடுகிறோம். கைட்லைன் அதிகாரம் 19 சொல்வது வேறு: அந்தக் காயத்துக்கு ஆக்டிவ் ட்ரீட்மென்ட் நடக்கும் ஒவ்வொரு விசிட்டுக்கும் ஏ. அது முடிந்து, ஆறும் கட்டத்தில் வழக்கமான பராமரிப்பு நடந்தால் டி. டாக்டர் புதியவரா, கிளினிக் புதியதா என்பதற்கும் இதற்கும் தொடர்பே இல்லை. மார்ச் 6 உங்கள் கிளினிக்குக்கு முதல் விசிட்தான், ஆனாலும் இரண்டு காயத்துக்கும் டி. காயத்தைப் பார்த்தார், டிரெஸ்ஸிங் மாற்றினார், அவ்வளவுதான்.

இசட்48.02 விஷயம். ஐசிடி-9 (ஐசிடி-10-சிஎம்-க்கு முந்தைய கோடுத் தொகுப்பு) காலத்தில் தையல் பிரிப்புக்கு வி58.32 போட்டுப் பழகிய கை இன்னும் பல இடங்களில் மாறவில்லை, அதைப் பார்த்துப் புதியவர்களும் பழகுகிறார்கள். ஐசிடி-10-சிஎம்-இல் காயத்தின் கோடே ஏழாவது எழுத்து வழியாக ‘இது பின்பராமரிப்பு’ என்று சொல்லிவிடுகிறது. அதனால் காயங்களுக்கு ஆஃப்டர்கேர் இசட் கோடு கூடாது என்று கைட்லைனில் நேரடியாகவே இருக்கிறது. டேபுலரில் (கோடுகளின் வரிசைப் பட்டியல்) இசட்48-க்குக் கீழே எக்ஸ்க்ளூட்ஸ்1 (இரண்டையும் சேர்த்துப் போடாதே) குறிப்பையும் படியுங்கள்: காயத்தின் பின்பராமரிப்பு என்றால் காயத்தின் கோடுக்கே போ என்கிறது. டிரெஸ்ஸிங் மாற்றும் இசட்48.00-க்கும் இதே கதி. ஆபரேஷன் செய்து போட்ட தையல் என்றால் இசட்48.02-க்கு இடம் உண்டு. கடிக்காயத்துக்கு இல்லை.

மார்ச் 8-தான் இதில் ருசியான விசிட். புறங்கைக் காயத்தை விரித்து, கழுவி, காஸ் துணி வைத்து, மருந்து கொடுத்திருக்கிறார். அந்தக் காயத்துக்கு இது ஆக்டிவ் ட்ரீட்மென்ட். ஆறாம் தேதி டி போட்டோமே, எட்டாம் தேதி ஏ-வுக்குத் திரும்பலாமா என்று தயங்க வேண்டாம். அன்றைக்கு என்ன செய்தார்கள் என்பதுதான் கணக்கு. எனவே எஸ்61.451ஏ. முன்கை அன்றைக்கும் வெறும் பார்வைதான், எஸ்51.851டி. ஒரே கிளெய்மில் ஒரு காயம் ஏ, இன்னொன்று டி என்று வந்தால் தப்பில்லை.

எல்03.113 சரி. கை என்பது அதில் அடக்கம். விரல் மட்டும் என்றால் எல்03.011 பக்கம் போக வேண்டும். எஸ்61-இன் கீழ் ‘தொற்று இருந்தால் அதையும் கோடு செய்’ என்ற குறிப்பு இருக்கிறது. எது முதலில் என்பதை அது கட்டாயப்படுத்தவில்லை. அன்றைய விசிட் எதற்காக நடந்ததோ அது முதலில். இங்கே செல்லுலைட்டிஸ் முதலில் இருப்பது சரியே. ஐசிடி-9-இல் கையின் திறந்த காயம் 882.0, தொற்று வந்தால் ‘காம்ப்ளிகேட்டட்’ என்று 882.1-க்கு மாறும், வேலை முடிந்தது. இப்போது அந்த வசதி இல்லை. தொற்றைத் தனியாகச் சொல்லாவிட்டால் கிளெய்மில் அது இல்லவே இல்லை.

---

ஈடி_சார்ட்ஸ்:

மேலே சொன்னதோடு ஒரு சின்ன எச்சரிக்கை. காயத்தைத் தொடாமல், சுற்றியுள்ள செல்லுலைட்டிஸுக்கு மாத்திரை மட்டும் எழுதிய சார்ட் வந்தால் இரண்டு கட்சி உண்டு. தொற்றிய காயத்துக்கு மருந்து கொடுப்பதும் ஆக்டிவ் ட்ரீட்மென்ட்தான், ஏ என்பது ஒன்று. எல்03-தான் சிகிச்சை பெறுகிறது, காயம் டி-யிலேயே இருக்கட்டும் என்பது மற்றொன்று. நான் முதல் கட்சி. ஆனால் கிளையன்ட் எழுத்தில் ஒரு விதி கொடுத்திருந்தால் அதைப் பின்பற்றுங்கள், சார்ட்டுக்கு ஒரு மாதிரி போடாதீர்கள்.

எக்ஸ்டர்னல் காஸ், அதாவது காயம் எதனால் வந்தது என்று சொல்லும் கோடு, உங்கள் நாலு விசிட்டிலும் காணோம். நாடு முழுவதற்கும் கட்டாயம் இல்லை என்பது உண்மை, ஆனால் பேயரோ (பணம் தரும் இன்சூரன்ஸ்) மாநிலமோ கேட்டால் வேண்டும். நாய் கடித்தது டபிள்யூ54.0எக்ஸ்எக்ஸ், கூடவே ஏழாவது எழுத்து. காலி இடத்தை நிரப்பும் இரண்டு எக்ஸ் விடுபட்டால் கோடு செல்லாது. பூனை என்றால் டபிள்யூ55.01எக்ஸ், இங்கே ஒரு எக்ஸ்தான். காயத்தின் ஏழாவது எழுத்தும் இதன் ஏழாவது எழுத்தும் ஒத்துப்போக வேண்டும். மார்ச் 6-லும் 14-லும் டி. மார்ச் 8-இல் ஒரு காயம் ஏ, இன்னொன்று டி. விசிட்டைக் கொண்டுவந்த காயம் புறங்கை, அதனால் டபிள்யூ54.0எக்ஸ்எக்ஸ்ஏ போடுவேன்.

ஒய்92 இடம், ஒய்93 செயல் இரண்டும் முதல் சிகிச்சை விசிட்டில் ஒரே ஒரு தடவை. ஈடி கிளெய்மோடு அது முடிந்தது. ‘பார்க்கில் ஓடும்போது கடித்தது’ என்று ஃபாலோ-அப் நோட்டில் காப்பி-பேஸ்ட் ஆகி வரும். அதைப் பார்த்து மறுபடி ஒய்92 போடுபவர்கள் நிறைய.

டயக்னோசிஸ் தேர்வில் வழக்கமாகச் சறுக்கும் இடங்களையும் சொல்லிவிடுகிறேன். டாக்டர் ‘நாய் கடித்ததால் லேசரேஷன்’ என்று எழுதினால் எஸ்61.411-க்கோ, ‘பல் துளை’ என்றால் பங்ச்சர் வரிசையான எஸ்61.431-க்கோ ஓடாதீர்கள். இன்டெக்ஸில் கடி என்ற சொல்லிலிருந்து தொடங்கினால் நேராக எஸ்61.45-க்கு வந்து சேரும். தோல் உடையாமல் பல் தடம் மட்டும் என்றால் அது சூப்பர்ஃபிஷியல் கடி, கைக்கு எஸ்60.57 வரிசை. எஸ்61.45-க்கும் இதற்கும் நடுவில் எக்ஸ்க்ளூட்ஸ்1 இருக்கிறது, ஒரே இடத்துக்கு இரண்டையும் சேர்க்க முடியாது. விரல் என்றால் எந்த விரல், நகம் பாதித்ததா என்று பாருங்கள்: வலது ஆள்காட்டி விரல், நகத்துக்குச் சேதமில்லை என்றால் எஸ்61.250, நகமும் சேர்ந்து என்றால் எஸ்61.35 வரிசை, கட்டை விரலுக்கு, நகத்துக்குச் சேதமில்லை என்றால், எஸ்61.05.

சிவப்பு என்ற சொல் மட்டும் இருந்தால் எல்03 கிடையாது. ‘லேசான சிவப்பு, முன்னெச்சரிக்கை மாத்திரையைத் தொடரவும்’ என்பது தொற்று இல்லை. சிவப்புக் கோடு மேலே ஏறுகிறது என்று எழுதி, டாக்டரே லிம்ஃபஞ்சைட்டிஸ் (நிணநீர்க் குழாய் அழற்சி) என்றும் சொன்னால் எல்03.123. கல்ச்சர் ரிப்போர்ட்டில் ஸ்டஃபிலோகாக்கஸ் ஆரியஸ் கிருமி வந்து, அதை டாக்டரும் நோட்டில் ஏற்றுக்கொண்டால் கூடுதலாக பி95.61 அல்லது பி95.62. லேப் ரிப்போர்ட்டைப் பார்த்து நாமே போடக் கூடாது. பத்து நாள் ஆன்டிபயாட்டிக்குக்கு இசட்79.2 போடுகிறவர்களையும் பார்க்கிறேன். அது நீண்டகாலப் பயன்பாட்டுக்கு.

---

ஊசி_பில்லிங்:

6, 10 இரண்டு தேதியிலும் இசட்23-ஐத் தனியாக விட்டதுதான் பணம் போகிற தப்பு.

இசட்23 மட்டும் பார்த்தால் பேயர் சிஸ்டத்துக்கு அது சாதாரணத் தடுப்பூசி. ரேபிஸ் சாதாரணத் தடுப்பூசிப் பட்டியலில் இல்லை, உடனே டினையல் (பணம் மறுப்பு). மெடிகேர் (அமெரிக்க அரசு இன்சூரன்ஸ்) பார்ட் பி-யில் விதியே இப்படித்தான்: காயத்துக்கோ நேரடித் தொடர்புக்கோ சிகிச்சையாகப் போடும் ரேபிஸ், டெட்டனஸ் ஊசிக்குப் பணம் உண்டு, பொதுவான முன்னெச்சரிக்கைக்கு இல்லை. அதனால் ‘தொடர்பு ஏற்பட்டது’ என்று சொல்லும் இசட்20.3 கட்டாயம். நான் இசட்20.3-ஐ முதலிலும் இசட்23-ஐ அடுத்தும் வைத்து, 90675, 90471 இரண்டு வரியையும் இவற்றோடு இணைப்பேன். மார்ச் 6-இல் 99213 வரியை எஸ்51.851டி, எஸ்61.451டி-யோடு இணையுங்கள், மாடிஃபையர் 25 (அன்றைய ஊசியிலிருந்து வேறான தனி விசிட் என்ற குறி) சேருங்கள். டாக்டர் காயத்தைத் தனியாகப் பரிசோதித்தார் என்பது அந்த இணைப்பிலேயே தெரிய வேண்டும். எல்லா வரிக்கும் நாலு டயக்னோசிஸையும் இணைத்து அனுப்புவது சோம்பேறித்தனம்.

மார்ச் 10-இல் 99211 எடுத்துவிடுங்கள். நர்ஸ் செய்தது ஊசி போட்டது மட்டும், அதற்கான கூலி 90471-இல் இருக்கிறது. காயத்தை அன்றைக்கு யாரும் பார்க்கவில்லை என்றால் எஸ் கோடும் வேண்டாம்.

தேதிகளை ஷெட்யூலோடு ஒப்பிட்டுப் பாருங்கள், இது ஆடிட்டில் கேட்பார்கள். முன்பு ரேபிஸ் ஊசி போடாதவருக்கு அமெரிக்காவில் 0, 3, 7, 14 ஆகிய நாட்களில் நாலு டோஸ்; ஏசிஐபி (அமெரிக்கத் தடுப்பூசி ஆலோசனைக் குழு) 2010-இல் ஐந்தை நாலாக்கியது. நோய் எதிர்ப்பு குறைந்தவர்களுக்கு 28-ஆம் நாள் ஐந்தாவது உண்டு. முன்பே முழுக் கோர்ஸ் போட்டவருக்கு 0, 3 இரண்டே டோஸ், இம்யூன் குளோபுலின் கிடையாது. உங்கள் பேஷன்ட்டுக்கு 3, 6, 10, அடுத்தது மார்ச் 17. ஐந்தாவது டோஸ் ஒன்று வந்தால் எதிர்ப்புக் குறைவுக்கான டயக்னோசிஸ் சார்ட்டில் இருக்கிறதா என்று தேடுங்கள். இல்லாவிட்டால் கொயரி (டாக்டரிடம் எழுத்தில் விளக்கம் கேட்பது).

90675 தசைக்குள் போடுவது, 90676 தோலுக்குள் போடுவது. டிராப்-டவுனில் அடுத்தடுத்து நிற்பதால் கை தவறும்.

இம்யூன் குளோபுலின் 0-ஆம் நாளில் விட்டுப்போய், ஃபாலோ-அப்பில் கொடுக்கும் சார்ட்டும் வரும். முதல் தடுப்பூசியிலிருந்து 7-ஆம் நாள் வரைதான் கொடுப்பார்கள். அளவு ஒரு கிலோ எடைக்கு 20 ஐயு. மருந்து 90375 என்றால் மெடிகேர் விலைப்பட்டியலில் ஒரு யூனிட் என்பது 150 ஐயு. 75 கிலோ ஆளுக்கு 1,500 ஐயு, ஆக 10 யூனிட். இதை ‘1’ என்று அனுப்பிவிட்டுப் பணம் குறைவு என்று அப்பீல் எழுதுவார்கள். போடும் கூலி 96372. 90471 தடுப்பூசிக்கு மட்டும். டயக்னோசிஸில் இசட்29.14 (ரேபிஸ் இம்யூன் குளோபுலினுக்கான கோடு) சேரும்.

நாய் கிடைத்து, பத்து நாள் கண்காணித்து, நலமாக இருக்கிறது என்று டாக்டர் எழுதி ஊசியை நிறுத்திவிட்டால் அதற்குப் பிந்தைய விசிட்டுகளில் இசட்20.3-ஐயும் நிறுத்துங்கள். உங்கள் சார்ட்டில் நாயே இல்லை, அதனால் கடைசி டோஸ் வரை தொடரும்.

---

சர்ஜரி_டெஸ்க்:

99024 பற்றி யாரும் பேசவில்லையே. அது குளோபல் காலத்துக்குள் (தையலுக்குக் கொடுத்த பணத்திலேயே பின்விசிட்டும் அடங்கும் நாட்கள்), தையல் போட்ட அதே டாக்டரோ அதே குரூப்பில் அதே ஸ்பெஷாலிட்டி டாக்டரோ பார்க்கும் விசிட்டுக்கு. பணம் வராத கோடு. உங்கள் கிளினிக் தையல் போடவே இல்லை, பிறகு யாருடைய குளோபல்? செய்த வேலையை இலவசமாகக் கொடுத்திருக்கிறீர்கள்.

அதே குரூப் தையல் போட்டிருந்தாலும் 99024 என்று கண்ணை மூடிக்கொண்டு போகக் கூடாது. முன்கை 4 செ.மீ., ஒற்றை அடுக்கு என்பது சிம்பிள் ரிப்பேர், 12002. மெடிகேர் கணக்கில் சிம்பிள் ரிப்பேர் முழுதுக்கும் குளோபல் 0 நாள். மறுநாள் பார்த்தாலும் தனி விசிட்தான். அடுக்குத் தையல் என்றால் இன்டர்மீடியட், 12032, குளோபல் 10 நாள். அந்தப் பத்து நாளை எண்ணும் விதம்: மார்ச் 3 தையல் போட்ட நாள், 4-இலிருந்து எண்ணினால் 13-இல் முடிகிறது. 14-இல் பிரித்தால் வெளியே. 13-இல் வந்திருந்தால் உள்ளே. ஒரே நாள் வித்தியாசம்.

தையல் பிரிப்புக்கு 2023 முதல் 15853 இருக்கிறது. மயக்கம் தேவைப்படாத தையல் அல்லது ஸ்டேபிள் பிரிப்பு. ஒரே விசிட்டில் இரண்டு வகையும் பிரித்தால் 15854. இவை ஆட்-ஆன், இ/எம் (99212, 99213 போன்ற விசிட் கோடு) இல்லாமல் தனியாகப் போகாது. மயக்கம் கொடுத்துப் பிரித்தால் 15851. எனவே மார்ச் 14-க்கு 99212, 15853. லெவலை எம்டிஎம் (டாக்டர் எடுத்த மருத்துவ முடிவின் சிக்கல் அளவு) பார்த்து நீங்கள் முடிவு செய்யுங்கள், ஆறிய காயத்துக்கு 99213 எடுக்கச் சார்ட்டில் எதுவும் கண்ணில் படவில்லை. தையல் பிரிப்புக்கு எஸ்0630 என்று ஒரு பழைய ஹெச்சிபிசிஎஸ் (இன்னொரு பில்லிங் கோடுத் தொகுப்பு) கோடை யாராவது சொல்வார்கள். மெடிகேர் அதை ஏற்காது, தனியார் பேயர் கேட்டால் மட்டும்.

மார்ச் 8-இன் 10060-ஐ எடுத்துவிடுங்கள். அது சீழ்க்கட்டியைக் கீறி வடிப்பதற்கு. ஏற்கெனவே திறந்திருக்கும் துளையை விரித்துக் கழுவியது அதில் சேராது. கட்டி என்ற சொல்லும் இல்லை, கீறல் என்ற சொல்லும் இல்லை. செத்த திசுவை வெட்டி எடுத்தார், இந்த ஆழம், இத்தனை சதுர செ.மீ. என்று எழுதியிருந்தால் 97597-ஐயோ 11042-ஐயோ யோசிக்கலாம். எழுதவில்லை. அன்றைக்கு இ/எம் மட்டும்.

---

கோவை_கோடர்:

நன்றி சார், நன்றி மேடம். திருத்தியது இது:

மார்ச் 6: எஸ்51.851டி, எஸ்61.451டி, இசட்20.3, இசட்23, டபிள்யூ54.0எக்ஸ்எக்ஸ்டி, 99213-25, 90675, 90471.

மார்ச் 8: எல்03.113, எஸ்61.451ஏ, எஸ்51.851டி, டபிள்யூ54.0எக்ஸ்எக்ஸ்ஏ, 99213.

மார்ச் 10: இசட்20.3, இசட்23, 90675, 90471.

மார்ச் 14: எஸ்51.851டி, டபிள்யூ54.0எக்ஸ்எக்ஸ்டி, 99212, 15853. செல்லுலைட்டிஸ் தீர்ந்துவிட்டது, புறங்கை முழுதும் ஆறிவிட்டது, இரண்டையும் எடுத்துவிட்டேன்.

ஆறு மாதம் கழித்துத் தழும்பு வலிக்கிறது என்று வந்தால் எஸ்51.851டி-யா?

---

பழைய_ஆடிட்டர்:

இல்லை, அது சீக்வெலா (காயம் ஆறிய பிறகும் தங்கும் பின்விளைவு). இப்போது இருக்கும் பிரச்சினை முதலில்: தழும்பு எல்90.5, தடித்த தழும்பு அல்லது கீலாய்டு என்று எழுதினால் எல்91.0. அடுத்து எஸ்51.851எஸ், டபிள்யூ54.0எக்ஸ்எக்ஸ்எஸ். ஏழாவது எஸ் காயத்தின் கோடில்தான் உட்காரும், தழும்பின் கோடில் இல்லை. ஆறு மாதமோ ஆறு வருடமோ, காலக்கெடு கிடையாது. 6, 8, 10 மூன்றும் இப்போது சரி.

---

ஈடி_சார்ட்ஸ்:

14-ஐ இன்னும் அனுப்பாதீர்கள் தம்பி. நாங்களும் கவனிக்காமல் எஸ்51.851 என்றே பேசிக்கொண்டிருந்தோம். நீங்கள் முதலில் ஒட்டிய சார்ட் வரியை மறுபடி படியுங்கள்: ஹெச்பிஐ-யில் வலது முன்கை, எக்ஸாமில் இடது முன்கை. இடது என்றால் எஸ்51.852. ஈடி பற்றி எழுதிய இடத்திலும் புறங்கைக்குத்தான் ‘வலது’ இருக்கிறது, முன்கைக்குப் பக்கமே இல்லை. 6, 8 தேதி நோட்டில் எந்தப் பக்கம் என்று பாருங்கள். அவை வலது என்றாலும் 14-ஆம் தேதி நோட்டை நாமாகத் திருத்த முடியாது. புரொவைடருக்குக் (பார்த்த டாக்டர்) கொயரி போட்டு அடென்டம் (நோட்டில் சேர்க்கும் திருத்தக் குறிப்பு) வாங்குங்கள். பதில் தாமதமாகிறது என்று பக்கம் குறிப்பிடாத எஸ்51.859-ஐப் போட்டுத் தள்ளிவிட வேண்டாம். கொயரியில் ‘வலது கைதானே?’ என்று கேட்காதீர்கள், ஹெச்பிஐ வரி, எக்ஸாம் வரி இரண்டையும் எடுத்து எழுதி, தையல் பிரித்தது எந்த முன்கையில் என்று மட்டும் கேளுங்கள்.